இன்றா... நாளையா? கர்ப்பத்தின் கடைசி நான்கு வாரங்கள்

ஆவணி மாதத்து முகூர்த்த நாள் அது. என் கிளினிக்கில் கூட்டம் குறைவு. நிறைமாதக் கர்ப்பிணியான மகளைக் கைத்தாங்கலாகப் பிடித்துக்கொண்டு ஓர் அம்மா வந்தார். நாற்காலியில் உட்காருவதற்கு முன்பே ஆரம்பித்துவிட்டார்.

"டாக்டரம்மா, இவளுக்கு ஆஸ்பத்திரில குடுத்த தேதி முடிஞ்சு மூணு நாளாச்சு. வலியே காணும். விளக்கெண்ணெய் எம்புட்டு குடுக்கணும்னு மட்டும் சொல்லுங்க, போதும்."

நான் எண்ணெய்க் கணக்கைச் சொல்லவில்லை. மகளைப் பார்த்து, "பிள்ளை நல்லா அசையுதா தாயி?" என்று கேட்டேன். அவள் அம்மாவின் முகத்தைப் பார்த்தாள். பதில் அம்மாவிடமிருந்துதான் வந்தது.

"கடைசி மாசம்லா? பிள்ளை வளந்து உள்ள இடம் நெருக்கடியா இருக்கும். அசைவு கொறையத்தான செய்யும்!"

"எப்போதுல இருந்து கொறஞ்சிருக்கு?"

"நேத்து மத்தியானத்துல இருந்து..." என்றாள் மகள், மெல்லிய குரலில்.

பத்து நிமிடத்தில் அவர்களை ஆட்டோவில் ஏற்றி அரசு மருத்துவமனைக்கு அனுப்பிவிட்டேன். அங்கே குழந்தையின் இதயத் துடிப்பைப் பதிவு செய்து பார்த்துவிட்டு, தாமதிக்காமல் அறுவை சிகிச்சை செய்து எடுத்தார்கள். பெண் குழந்தை. எடை இரண்டே கால் கிலோதான். சில நாட்கள் பச்சிளங்குழந்தைப் பிரிவில் இருந்துவிட்டு நலமாக வீடு வந்து சேர்ந்தாள்.

அன்று அந்த அம்மா எண்ணெயை வீட்டிலேயே அளந்து ஊற்றியிருந்தால் என்ன ஆகியிருக்கும்? நினைத்தாலே வயிற்றைக் கலக்குகிறது. அதனால்தான் சகோதரிகளே, கடைசி நான்கு வாரங்களைப் பற்றி இந்த மாதம் கொஞ்சம் விரிவாகவே எழுதுகிறேன். எது இயற்கை, எதற்குக் காத்திருக்கலாம், எதற்கு நள்ளிரவானாலும் ஓட வேண்டும் என்ற மூன்றும் தெரிந்துவிட்டால் பாதி பயம் போய்விடும்.

தேதி என்பது கெடு அல்ல

முதலில் அந்தத் தேதி விஷயத்தைப் பார்த்துவிடுவோம். கடைசியாகத் தீட்டு வந்த முதல் நாளிலிருந்து 280 நாட்கள் என்று கணக்கிட்டு மருத்துவர் ஒரு தேதியைக் குறித்துத் தருகிறார். 28 நாள் கொண்ட மாதமாக வகுத்துப் பாருங்கள், சரியாகப் பத்து மாதம்! 'பத்து மாதம் சுமந்து பெற்றவள்' என்று நம் பாட்டிகள் சொன்னது வெறும் பேச்சுக்காக அல்ல.

ஆனால் குறித்த தேதியன்றே பிறக்கும் குழந்தைகள் நூற்றுக்கு நான்கைந்துதான். 37 வாரம் முடிந்து 42 வாரத்துக்குள் எப்போது வேண்டுமானாலும் பிறக்கலாம். தேதி தாண்டிய மறுநாளே மாமியார் வீட்டிலிருந்து ஒரு போன், அத்தை வீட்டிலிருந்து ஒரு போன், பக்கத்து வீட்டு அக்காவின் "இன்னுமா?" என்ற கேள்வி... இந்தக் கேள்விகளே அந்தப் பெண்ணைப் பாதி நோகடித்துவிடுகின்றன. கேட்பவர்களிடம் "வரும்போது வரும் அக்கா" என்று சொல்லிவிட்டுத் தூங்கப் போங்கள்.

அதற்காக எத்தனை நாள் வேண்டுமானாலும் காத்திருக்கலாமா என்றால், கூடாது. 40 வாரம் முடிந்தும் வலி வரவில்லை என்றால் மருத்துவரிடம் காட்டி, குழந்தையின் துடிப்பையும் பனிக்குட நீரின் அளவையும் பார்க்க வேண்டும். 41 வாரம் முடிந்தும் வீட்டில் உட்கார்ந்திருப்பது சரியல்ல. நஞ்சுக்கொடியும் ஓர் உறுப்புதான். அதற்கும் வயதாகும்.

வயிறு இறங்குவது

தலைப்பிரசவக்காரர்களுக்குப் பிரசவத்துக்கு இரண்டு மூன்று வாரம் முன்பே குழந்தையின் தலை இடுப்பெலும்புக் குழிக்குள் இறங்கிவிடும். "மூச்சு லேசா இருக்கு, சாப்பாடு இறங்குது, ஆனா பத்து நிமிஷத்துக்கு ஒரு தடவை பாத்ரூம் போகணும்" என்பார்கள். நடக்கும்போது அடிவயிற்றில் பாரம், தொடையிடுக்கில் சுரீரென்று ஒரு குத்தல், எல்லாம் இயல்புதான். இரண்டாவது, மூன்றாவது பிரசவக்காரர்களுக்கு வலி எடுக்கும்போதுதான் தலை இறங்கும். ஆகவே 'வயிறு இன்னும் இறங்கவில்லையே' என்று அவர்கள் கவலைப்பட வேண்டாம்.

இந்த நாட்களில் மல்லாந்து படுக்காதீர்கள். ஒருக்களித்துப் படுங்கள். மல்லாந்து படுத்தால் கருப்பையின் கனம் பெரிய ரத்தக் குழாய்களை அமுக்கி, குழந்தைக்குப் போகும் ரத்தம் குறைகிறது. இடப்பக்கம் நல்லது, வலப்பக்கம் திரும்பினாலும் தவறில்லை. 'படுத்தபடியே புரளாதே, எழுந்து உட்கார்ந்து திரும்பு, இல்லாவிட்டால் கொடி சுற்றிக்கொள்ளும்' என்று வீட்டில் சொல்வார்கள். நீங்கள் புரள்வதற்கும் கொடி சுற்றுவதற்கும் சம்பந்தமே இல்லை. உள்ளே குழந்தை தானே சுழல்வதால் சுற்றுகிறது. நான்கைந்து குழந்தைகளில் ஒன்று கழுத்தில் கொடி சுற்றிய நிலையில்தான் பிறக்கிறது. பெரும்பாலும் ஒரு தீங்கும் வருவதில்லை. ஆனாலும் கையை ஊன்றி மெல்ல எழுந்து திரும்பினால் இடுப்பு பிடித்துக்கொள்ளாது. பாட்டி சொன்ன காரணம் தவறு, செய்யச் சொன்ன காரியம் சரி!

சூட்டு வலியா, பிரசவ வலியா?

கடைசி வாரங்களில் வயிறு அவ்வப்போது கல் மாதிரி இறுகித் தளரும். சில நாள் மாலையில் வலியும் இருக்கும். இதைத்தான் 'சூட்டு வலி' என்கிறோம். கருப்பை தன்னைத் தயார்படுத்திக்கொள்ளும் ஒத்திகை இது. வலி ஒழுங்கில்லாமல் வரும். ஒரு முறை பத்து நிமிடத்தில், அடுத்தது அரை மணி கழித்து என்று இருக்கும். பெரும்பாலும் முன்வயிற்றோடு நின்றுவிடும். படுத்திருந்தவர் எழுந்து நடந்தாலோ, நடந்துகொண்டிருந்தவர் படுத்தாலோ, தண்ணீர் குடித்தாலோ அடங்கிவிடும்.

பிரசவ வலி அப்படியல்ல. பெரும்பாலும் பின்னிடுப்பில் பிறந்து முன்னுக்கு வரும். இருபது நிமிடத்துக்கு ஒன்று, பத்து நிமிடத்துக்கு ஒன்று என்று இடைவெளி சுருங்கும். வலி நிற்கும் நேரமும் பலமும் ஏறும். படுத்தாலும் நடந்தாலும் நிற்காது.

நம் வீடுகளில் இதைக் கண்டுபிடிக்க ஒரு வழி வைத்திருக்கிறார்கள், சீரகக் கஷாயம். ஒரு தேக்கரண்டி சீரகத்தை லேசாக வறுத்து, இரண்டு டம்ளர் தண்ணீர் ஒரு டம்ளராக வற்றும்வரை கொதிக்கவிட்டு, வடிகட்டி, கொஞ்சம் பனைவெல்லம் சேர்த்து வெதுவெதுப்பாகக் குடிப்பது. சர்க்கரை நோய் உள்ளவர்களுக்கு வெல்லம் வேண்டாம். சூட்டு வலியானால் அடங்கும், மெய் வலியானால் தொடரும் என்பார்கள். நல்ல வழக்கம்தான். உடம்பில் நீர் குறைந்தாலே கருப்பை அடிக்கடி இறுகும். வாயுவும் சேர்ந்தால் கேட்கவே வேண்டாம். ஆனால் இது 37 வாரம் முடிந்தவர்களுக்குத்தான். அதற்கு முன்பே வலி விட்டுவிட்டு ஒழுங்காக வந்தால் கஷாயம் போட அடுப்பங்கரைக்குப் போகாதீர்கள், மருத்துவமனைக்குப் போங்கள். ரத்தம் பட்டாலும், நீர் கசிந்தாலும் அப்படியே.

தலைப்பிரசவமானால், ஐந்து நிமிடத்துக்கு ஒரு முறை, ஒவ்வொரு வலியும் ஒரு நிமிடம் நிற்பதாக, ஒரு மணி நேரம் தொடர்ந்தால் கிளம்பலாம். அடுத்த பிரசவங்கள் வேகமாக நடக்கும், அவ்வளவு நேரம் பார்க்க வேண்டாம். வீட்டிலிருந்து ஆஸ்பத்திரிக்கு ஒரு மணி நேரப் பயணம் என்றால் இன்னும் முன்னதாகவே கிளம்பிவிடுங்கள். முன்பு சிசேரியன் ஆனவர்கள் வலியை எண்ணிக்கொண்டு உட்காரவே கூடாது, ஆரம்பித்ததும் புறப்பட வேண்டும்.

வலி வருவதற்கு ஓரிரு நாள் முன்பு, சளி போலக் கெட்டியான வெள்ளைக் கசிவு, லேசான ரத்தச் சாயத்தோடு வெளிப்படலாம். கருப்பை வாயை அடைத்திருந்த பொருள்தான் அது. பயம் வேண்டாம். ஆனால் தீட்டு மாதிரி ரத்தம் போனால் அது வேறு கதை. வலி இருந்தாலும் இல்லாவிட்டாலும் அந்த நிமிடமே 108-ஐக் கூப்பிடுங்கள்.

பனிக்குடம் உடைந்தால்? சிலருக்குக் குபீரென்று கொட்டும், சிலருக்குச் சிறுநீர் சொட்டுவது போல நில்லாமல் கசியும். சுத்தமான துணியோ நாப்கினோ வைத்து நிறத்தைப் பாருங்கள். தெளிந்த நீராக இருந்தாலும் வலிக்காகக் காத்திருக்காமல் போக வேண்டும். பச்சையாகவோ பழுப்பாகவோ இருந்தால் குழந்தை உள்ளேயே மலம் கழித்திருக்கிறது என்று பொருள். ஒரு நிமிடமும் தாமதிக்கக் கூடாது. வண்டியில் ஒருக்களித்துப் படுத்தபடியே போங்கள். 'குளிச்சுட்டுப் போகலாம், எனிமா குடுத்துட்டுப் போகலாம்' என்பதெல்லாம் வேண்டவே வேண்டாம்.

அசைவு குறையாது, குறையக் கூடாது

இனி நான் சொல்ல வந்த முக்கியமான விஷயத்துக்கு வருகிறேன்.

'கடைசி மாதத்தில் குழந்தையின் அசைவு குறையும்' என்பது தவறு. அந்த அம்மா மட்டுமல்ல, படித்தவர்களும் இதை நம்புகிறார்கள். நானும் நம்பினேன். ஏன், சொல்லியும் இருக்கிறேன்.

1990களின் பிற்பகுதி. நான் படிப்பு முடித்து கிளினிக் வைத்த புதிது. ஒன்பது மாதக் கர்ப்பிணி ஒருத்தி கால் வலிக்குத் தைலம் வாங்க வந்தாள். போகிற போக்கில், "ரெண்டு நாளா அசைவு கொஞ்சம் கம்மியா இருக்குக்கா" என்றாள். நானும் சிரித்துக்கொண்டே, "உள்ள இடமில்ல, அப்படித்தான் இருக்கும்" என்று சொல்லி அனுப்பினேன். என் அம்மா அப்படித்தான் சொல்வார், எங்கள் தெருவே அப்படித்தான் சொல்லும். மறுநாள் இரவு ஆஸ்பத்திரியில் பார்த்தபோது குழந்தையின் துடிப்பு இல்லை. அவள் என்னைக் குறை சொல்லவே இல்லை. அடுத்த பிரசவத்துக்கும் என்னிடம்தான் தைலம் வாங்க வந்தாள். அதுதான் எனக்கு இன்னும் கஷ்டமாக இருந்தது.

ஆகவே கவனமாகக் கேளுங்கள். இடம் குறைவதால் அசைவின் தன்மை மாறலாம். முன்பு உதைத்தது போலச் சுரீரென்று இல்லாமல் புரள்வது, நெளிவது, முட்டுவது போல இருக்கும். ஆனால் எத்தனை முறை என்ற கணக்கு குறையக் கூடாது. பிரசவ வலி தொடங்கும் வரை, ஏன், வலியின் போதும்கூட, குழந்தை அசைந்துகொண்டுதான் இருக்கும். வயிற்றுக்குள் பிராணவாயு குறையும்போது குழந்தை முதலில் செய்யும் காரியம், அசைவைக் குறைத்துத் தன் சக்தியை மிச்சம் பிடிப்பதுதான். அது நமக்கு அனுப்பும் தந்தி அது.

ஒவ்வொரு குழந்தைக்கும் ஒரு வழக்கம் உண்டு. சில குழந்தைகள் ராத்திரி பத்து மணிக்குத்தான் ஆட்டம் ஆரம்பிக்கும். உங்கள் குழந்தையின் வழக்கம் உங்களுக்குத்தான் தெரியும், ஸ்கேன் எந்திரத்துக்குத் தெரியாது. தினமும் ஒரு வேளை, சாப்பிட்டு முடித்ததும் ஒருக்களித்துப் படுத்து, டி.வி.யையும் செல்போனையும் அணைத்துவிட்டு எண்ணிப் பாருங்கள். இரண்டு மணி நேரத்துக்குள் பத்து அசைவு வந்துவிட வேண்டும். பல குழந்தைகள் அரை மணியிலேயே முடித்துவிடும். குழந்தை உள்ளே தூங்கும், ஆனால் ஒரேயடியாக முக்கால் மணி, மிஞ்சினால் ஒன்றரை மணி நேரம்தான்.

பத்து வரவில்லையா? அல்லது பத்து வந்தும் 'வழக்கம் போல இல்லையே' என்று மனசுக்குப் படுகிறதா? அன்றைக்கே போங்கள். ஜூஸ் குடித்துப் பார்ப்போம், காலையில் பார்த்துக்கொள்வோம் என்று தள்ளாதீர்கள். போய்ப் பார்த்து 'எல்லாம் நன்றாக இருக்கிறது' என்று திருப்பி அனுப்பினால் சந்தோஷமாகத் திரும்பி வாருங்கள். மறுபடி குறைந்தால் மறுபடி போங்கள், கூச்சமே வேண்டாம். "சும்மா சும்மா வர்றியே" என்று யாராவது கடிந்துகொண்டால், என் பெயரைச் சொல்லித் திட்டிக்கொள்ளச் சொல்லுங்கள்.

விளக்கெண்ணெய் பற்றி ஒரு சித்த மருத்துவர்

"நீங்களே எண்ணெய் வேண்டாம் என்கிறீர்களே?" என்று கேட்பீர்கள். ஆமணக்கு எண்ணெய் எங்கள் மருத்துவத்தில் பெரிய மருந்து. அதை அடிப்படையாக வைத்துச் செய்த பாவன பஞ்சாங்குலத் தைலத்தைக் கடைசி மாதங்களில் அளவோடு நாங்கள் கொடுப்பதுண்டு. மருந்து என்பதால்தான் அதற்கு அளவும், காலமும், ஆளும் பார்க்க வேண்டியிருக்கிறது.

விளக்கெண்ணெயில் உள்ள ரிசினோலிக் அமிலம் குடலைத் தூண்டுவது போலவே கருப்பையையும் தூண்டுகிறது. வீட்டில் கண்ணளவாக ஊற்றிக் கொடுத்தால், சிலருக்கு வலியே வராது. வெறும் பேதியாகி உடம்பு துவண்டுபோகும். சிலருக்கு இடைவெளியே இல்லாமல் வலி பிடித்து, குழந்தைக்கு மூச்சு முட்டும். முன்பு சிசேரியன் ஆனவர்களுக்குப் பழைய தையல் பிரிந்துவிடும் ஆபத்து உண்டு. குழந்தை குறுக்காக இருந்தாலும், நஞ்சு கீழே இருந்தாலும், ரத்தக் கொதிப்பு இருந்தாலும் தொடவே கூடாது. உங்களைப் பரிசோதித்து, ஸ்கேன் சீட்டையும் பார்த்த மருத்துவர், சித்த மருத்துவரோ அலோபதி மருத்துவரோ, சொன்னால் ஒழிய அந்தப் பாட்டிலைத் திறக்காதீர்கள். மலச்சிக்கலுக்காக என்றாலும்தான். அதற்கு இரவில் ஊறவைத்த உலர்திராட்சை, கீரை, நிறையத் தண்ணீர் போதும்.

இன்னொன்று, வீக்கம். மாலையில் கால் வீங்குவது சகஜம், காலை நீட்டி உயர்த்தி வைத்தால் வற்றும். காலையில் எழும்போதே முகமும் விரல்களும் வீங்கியிருந்தால், மோதிரம் கழற்ற முடியாவிட்டால், "நீர் கோத்திருக்கு, நீர்முள்ளிக் குடிநீர் வாங்கிட்டு வா" என்று ஆளனுப்ப வேண்டாம். ரத்த அழுத்தத்தைப் பார்க்க வேண்டும். 140/90 அல்லது அதற்கு மேல் என்றால் அன்றே மருத்துவமனை. தீராத தலைவலி, கண்ணில் மின்மினி பறப்பது, மங்கல், விலாவுக்குக் கீழே மேல்வயிற்றில் வலி, இவற்றில் எது வந்தாலும் வலிப்பு வருவதற்கு முன் நமக்குக் கிடைக்கும் எச்சரிக்கை. வீக்கமே இல்லாமலும் இது வரும் என்பதை மறக்காதீர்கள்.

உள்ளங்கை, உள்ளங்காலில் தடிப்பு எதுவும் இல்லாமல் ராத்திரியில் தாங்க முடியாத அரிப்பா? 'சூடு' என்று விட்டுவிடாதீர்கள். பித்தநீர் தேங்குவதால் வரலாம். ரத்தப் பரிசோதனையில் தெரிந்துவிடும்.

அம்மா வீட்டுக்குப் போகும்போது...

வளைகாப்பு முடிந்து பிறந்த வீட்டுக்கு வருவது நம் அழகான வழக்கம். ஆனால் அதில் ஒரு ஓட்டை உண்டு. ஏழெட்டு மாதம் பார்த்த மருத்துவர் ஓர் ஊரில், பிரசவம் வேறோர் ஊரில்! வளையலும் பலகாரமும் வந்து சேரும். ஸ்கேன் சீட்டு மாமியார் வீட்டு பீரோவில் தங்கிவிடும். இதை நான் எத்தனை முறை பார்த்துவிட்டேன்! அட்டை இல்லாமல் நடுராத்திரியில் வந்து நிற்கும் பெண்ணுக்கு ரத்த வகை என்ன, சர்க்கரை உண்டா, நஞ்சு எங்கே இருக்கிறது என்று அந்த டாக்டர் எப்படித் தெரிந்துகொள்வார்?

வந்த வாரத்திலேயே பிரசவம் பார்க்கப்போகும் மருத்துவமனையில் ஒரு முறை காட்டிவிடுங்கள். தாய் சேய் நல அட்டை, பிக்மி எண், எல்லா ஸ்கேன், ரத்தப் பரிசோதனைச் சீட்டுகள், ஆதார் நகல், வங்கிப் புத்தக நகல் எல்லாம் ஒரே பையில் இருக்கட்டும். பழைய பருத்திச் சேலையைத் துவைத்து வெயிலில் காயவைத்துக் கிழித்த துணி, நைட்டி, நாப்கின், இவை இன்னொரு பையில். இரண்டையும் கதவுக்குப் பக்கத்திலேயே வையுங்கள். ரத்த வகை நெகட்டிவ் என்றால் அதைப் பையின் மேலேயே எழுதி ஒட்டலாம். ராத்திரியில் எந்த வண்டி, யார் ஓட்டுவது என்பதை வலி வந்த பிறகு யோசிக்கக் கூடாது.

நாள் நட்சத்திரம் பற்றியும் சொல்லிவிடுகிறேன், கோபித்துக்கொள்ளாதீர்கள். சிசேரியன் என்று முடிவானவுடன் ஜோசியரிடம் ஓடி, 'அந்த நட்சத்திரம் 37-ஆவது வாரத்தில்தான் வருது, அன்னைக்கே எடுத்துருங்க' என்று டாக்டரை நெருக்குகிறார்கள். அவசரக் காரணம் இல்லாமல் 39 வாரத்துக்கு முன் எடுத்தால் குழந்தைக்கு மூச்சுத் திணறல் வரும் வாய்ப்பு கூடுகிறது. நல்ல நேரம் பார்ப்பது உங்கள் நம்பிக்கை, அதில் நான் குறுக்கிட மாட்டேன். 39 முடிந்த பிறகு வரும் நாட்களில் பார்த்துக்கொள்ளுங்கள்.

ஆவணியில் வந்தார்களே அந்தத் தாயும் மகளும், தொண்ணூறாம் நாள் பிள்ளையைத் தூக்கிக்கொண்டு வந்தார்கள். இப்போது எடை ஐந்து கிலோவைத் தொட்டுவிட்டது. அந்த அம்மாவோடு பக்கத்து வீட்டிலிருந்து இன்னொரு கர்ப்பிணிப் பெண்ணும் வந்திருந்தாள், எட்டாம் மாதம். நான் வாயைத் திறப்பதற்குள் அந்த அம்மா அவளிடம் கேட்டார்: "ஏட்டி, இன்னைக்கு அசைவு எண்ணுனியா?"